டேப்லட்டில் குவிந்த கேம்களை நீக்கி 24 ஜிபி மீட்ட வேலை: படிப்படியான பதிவு

டேப்லட் 64 ஜிபி, ஆண்ட்ராய்டு 15. தொடங்கும்போது காலியிடம் 1.5 ஜிபி. சிஸ்டம் அப்டேட் இடம் போதவில்லை என்று பாதியில் நின்றுகொண்டிருந்தது. வேலை முடிந்தபோது காலியிடம் 25.9 ஜிபி. மீண்ட 24.4 ஜிபியில் 18.2 ஜிபி கேம்களிலிருந்து நேராக வந்தது. மீதி 6.2 ஜிபி, கேம்கள் போன பிறகும் போகாமல் கிடந்த கோப்புகளிலிருந்து வந்தது.

அன்இன்ஸ்டால் பொத்தானை அழுத்துவது இதில் சின்ன வேலைதான். ஒவ்வொரு கேமிலும் இடத்தைப் பிடித்திருப்பது எந்தப் பகுதி, எது அழிந்தால் திரும்ப வராது என்று பார்த்துவிட்டு இறங்க வேண்டும். அப்போதுதான் இடமும் கிடைக்கும், விளையாடிச் சேர்த்த நிலைகளும் தப்பும். ஆகவே கீழே உள்ள வரிசையை மாற்றாமல் செய்வது நல்லது.

கையில் வேண்டியவை: வைஃபை, பாதிக்கு மேல் சார்ஜ், ஒரு கணினி, டேட்டா போகக்கூடிய யூஎஸ்பி கேபிள், குறித்துக்கொள்ள ஒரு தாள். கேபிளைக் குறிப்பாகச் சொல்லக் காரணம் உண்டு. சில கேபிள்களில் சார்ஜ் மட்டுமே ஏறும். கணினியில் செருகினால் டேப்லட் தெரியவே தெரியாது. நடுவில் வந்து இதைக் கண்டுபிடிப்பதைவிட முதலிலேயே செருகிப் பார்த்துவிடலாம்.

முதலில் கணக்கு

செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பக்கத்தைத் திறந்து, எண்கள் மாறாமல் நிற்கும்வரை காத்திருக்க வேண்டும். திறந்தவுடன் தெரிவது பழைய கணக்காக இருக்கலாம். நின்ற பிறகு இருந்த நிலை இது:

சிஸ்டம் 18.6 ஜிபி
கேம்கள் 22.4 ஜிபி
மற்ற ஆப்கள் 9.3 ஜிபி
வீடியோ 6.8 ஜிபி
படங்கள் 2.6 ஜிபி
ஆவணங்களும் பிறவும் 1.9 ஜிபி
குப்பைத்தொட்டி 0.9 ஜிபி

மொத்தம் 62.5 ஜிபி. சிஸ்டம் வரியில் நாம் கை வைக்க முடியாது. கேம் வரிதான் குறி என்றாலும் வீடியோவையும் 'பிறவும்' என்ற வரியையும் மறக்கக் கூடாது. கேம்களின் மிச்சம் அங்கேதான் ஒளிந்திருக்கும்.

அடுத்து கேம்கள் வரியைத் தொட்டால் பெரியதிலிருந்து சிறியதாகப் பட்டியல் வரும். ஒவ்வொரு கேமையும் தொட்டு, அதன் ஸ்டோரேஜ் பக்கத்தில் இருக்கும் மூன்று எண்களைத் தனித்தனியாகக் குறித்துக்கொள்ள வேண்டும். ஆப் அளவு என்பது நிறுவப்பட்ட நிரல். யூசர் டேட்டா என்பது கேம் பிறகு இறக்கிக்கொண்ட வரைபடங்கள், ஒலிகள், நம் ஆட்ட நிலை எல்லாம் சேர்ந்தது. கேச் என்பது அழித்தாலும் கேம் தானே மறுபடி உருவாக்கிக்கொள்ளும் தற்காலிகக் கோப்புகள். இந்த டேப்லட்டில் (எல்லாம் ஜிபி கணக்கில்):

கார் பந்தய கேம்: ஆப் 0.2, டேட்டா 6.3, கேச் 0.1
துப்பாக்கிச் சண்டை கேம்: ஆப் 1.4, டேட்டா 6.0, கேச் 0.2
நகரம் கட்டும் கேம்: ஆப் 0.3, டேட்டா 2.4, கேச் 0.1
மிட்டாய் அடுக்கும் புதிர்: ஆப் 0.5, டேட்டா 0.2, கேச் 0.1
சின்ன கேம்கள் 14 சேர்ந்து 3.9
டேப்லட்டோடு வந்த பலகை ஆட்டம் 0.7

கார் பந்தயத்தைக் கவனியுங்கள். ஆப் வெறும் 200 எம்பி. டேட்டா அதைப்போல் 30 மடங்குக்கும் மேல். பெரிய கேம்கள் பலவும் இப்படித்தான். பிளே ஸ்டோரில் சிறியதாக இறங்கி, முதல்முறை திறக்கும்போது "கூடுதல் கோப்புகள் தேவை" என்று சொல்லி மீதியை இழுத்துக்கொள்ளும். பிளே ஸ்டோர் காட்டும் அளவை வைத்து எதை நீக்குவது என்று முடிவெடுத்தால் மிகப் பெரிய கேம் தப்பிவிடும், 80 எம்பி கேம்களை நீக்கிக்கொண்டிருப்போம்.

கேச்சை அழிப்பதில் நேரம் செலவிட வேண்டாம் என்பதும் இந்தக் கணக்கிலேயே தெரிகிறது. பெரிய கேம்கள் நான்கிலும் சேர்த்துக் கேச் 0.5 ஜிபிதான், அதுவும் நாலு நாள் விளையாடினால் திரும்ப வந்துவிடும். காலியிடம் மிகவும் குறையும்போது ஆண்ட்ராய்டே கேச்களை அழிக்கத் தொடங்கும். மொத்தக் கொள்ளளவில் 5 சதவீதம், அல்லது 500 எம்பி, இரண்டில் எது குறைவோ அதுதான் ஆண்ட்ராய்டின் வழக்கமான எச்சரிக்கை எல்லை. 'கிளீனர்' என்று விளம்பரத்தோடு வரும் ஆப்கள் பெரும்பாலும் இதே கேச்சையும் குப்பைக் கோப்புகளையும்தான் துடைக்கின்றன. இடம் வேண்டும் என்று இன்னொரு ஆப்பை நிறுவுவதில் பயன் இல்லை.

ஆட்ட நிலையைக் காப்பது

இந்தக் கட்டத்தில் அவசரப்பட்டால் இழப்பு நிரந்தரம். அன்இன்ஸ்டால் செய்யும் கேம் குப்பைத்தொட்டிக்குப் போகாது, நேராக அழியும். அதனால் நீக்கப்போகும் ஒவ்வொரு கேமையும் ஒருமுறை திறந்து, அதன் செட்டிங்ஸில் கணக்கு என்ற பகுதிக்குப் போக வேண்டும். அங்கே 'கெஸ்ட்' என்று இருந்தால் ஆட்ட நிலை பெரும்பாலும் இந்த டேப்லட்டோடு மட்டுமே கட்டப்பட்டது என்று பொருள். நீக்கினால் நிலை, வாங்கிய வைரங்கள், நாணயங்கள் எல்லாம் போகும். மீண்டும் விளையாட வாய்ப்பு உண்டென்றால் அங்கேயே கூகுள் கணக்கோடோ, கேம் நிறுவனத்தின் சொந்தக் கணக்கோடோ இணைத்துவிட வேண்டும்.

இணைத்தது சரியாகப் பதிந்ததா என்று பார்க்க நம்பகமான வழி ஒன்றே. வேறொரு போனில் அதே கேமை நிறுவி, அதே கணக்கில் நுழைந்து, நிலை எண் அப்படியே வருகிறதா என்று பார்ப்பது. கேமின் பிளேயர் ஐடி தெரியும் பக்கத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்து டேப்லட்டுக்கு வெளியே அனுப்பி வைப்பதும் நல்லது. பின்னால் கணக்கை மீட்க கேம் நிறுவனத்துக்கு எழுத நேர்ந்தால் அவர்கள் முதலில் கேட்பது அந்த எண்ணைத்தான்.

ஆண்ட்ராய்டின் தானியங்கி பேக்கப்பை நம்பி விடக் கூடாது. ஓர் ஆப்புக்கு 25 எம்பி வரைதான் அது எடுத்துக்கொள்ளும். எந்தக் கோப்பைச் சேர்ப்பது என்பதைக் கேம் செய்தவர்கள் முடிவு செய்கிறார்கள். வேண்டாம் என்று மொத்தமாக அணைத்தும் வைத்திருக்கலாம்.

இன்னொரு விஷயம் பணம் சார்ந்தது. கேமுக்கு மாதச் சந்தா இருந்தால், கேமை நீக்கினாலும் சந்தா நிற்காது. பிளே ஸ்டோரில் சுயவிவரப் படத்தைத் தொட்டு, பேமென்ட்ஸ் பகுதிக்குள் இருக்கும் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் பட்டியலில் போய்த் தனியாக ரத்து செய்ய வேண்டும். குழந்தைகள் விளையாடிய டேப்லட்டில் இந்தப் பட்டியலைத் திறந்து பார்க்காமல் அடுத்த கட்டத்துக்குப் போகவே கூடாது. ஒருமுறை விலை கொடுத்து வாங்கிய கேம் என்றால் கவலை இல்லை. வாங்கிய கணக்கில் அது பதிந்திருக்கும், கேம் ஸ்டோரில் இருக்கும்வரை மறுபடி இறக்கிக்கொள்ளலாம்.

வைத்துக்கொள்ளும் கேமை இளைக்க வைப்பது

துப்பாக்கிச் சண்டை கேம் வேண்டும் என்று முடிவு. ஆனால் அதன் 6.0 ஜிபி டேட்டா முழுதும் வேண்டியதில்லை. இப்படிப்பட்ட கேம்களுக்குள் டவுன்லோட்ஸ் அல்லது ரிசோர்ஸ் மேனேஜர் என்ற பக்கம் இருக்கும். அங்கே ஒவ்வொரு வரைபடமும், உயர்தரக் காட்சிப் பொதியும், குரல் பொதியும் தனித்தனியாக அளவோடு தெரியும். விளையாடாத வரைபடங்களையும் உயர்தரப் பொதியையும் நீக்கியதில் 3.4 ஜிபி வந்தது. கேச்சையும் அழித்ததில் 0.2. காலியிடம் 1.5 ஜிபியிலிருந்து 5.1 ஆனது. ஜென்ஷின் இம்பாக்ட் போன்ற கேம்களில் குரல் கோப்புகளை மொழிவாரியாக நீக்க முடியும். ஒரு மொழியை மட்டும் வைத்துக்கொண்டால் பெரிய அளவில் இடம் கிடைக்கும்.

இதைக் கேமுக்குள்ளிருந்துதான் செய்ய வேண்டும். செட்டிங்ஸில் 'கிளியர் ஸ்டோரேஜ்' அழுத்தினால் தேவையான பொதி, தேவையற்ற பொதி, ஆட்ட நிலை எல்லாம் ஒன்றாக அழியும். 'கிளியர் கேச்'சும் 'கிளியர் ஸ்டோரேஜ்'ஜும் ஒரே பக்கத்தில் அருகருகே இருப்பதால் விரல் தவறுவது எளிது. உறுதிப்படுத்தக் கேட்கும் பெட்டி வந்தால் அழுத்தியது கிளியர் ஸ்டோரேஜ் என்று அறிந்து ரத்து செய்யலாம். கேச் பொத்தான் எதையும் கேட்காமல் அழித்துவிடும்.

பெரிய கேம்களை நீக்குவது

கார் பந்தயத்தையும் நகரம் கட்டும் கேமையும் முதலில் ஒவ்வொன்றாக நீக்குவது நல்லது, எண் எப்படி மாறுகிறது என்று தெரியும். செட்டிங்ஸ், ஆப்ஸ், கேமின் பெயர், அன்இன்ஸ்டால். உறுதிப்படுத்தும் பெட்டியில் சில கேம்களுக்கு "ஆப் டேட்டாவை வைத்துக்கொள்" என்று அளவோடு ஒரு தேர்வு தோன்றும். ஆண்ட்ராய்டு 10 முதல் இருக்கிற வசதி இது. அதில் டிக் இருந்தால் கேம் போகும், டேட்டா அங்கேயே கிடக்கும். கார் பந்தயத்தில் அது நடந்தால் 6.6க்குப் பதில் கிடைப்பது 0.3 ஜிபிக்குள் மட்டுமே. இடம் வேண்டும் என்றால் அந்தப் பெட்டி காலியாக இருக்க வேண்டும். டிக் செய்த நிலையிலேயே நீக்கிவிட்டால், கேமை மறுபடி நிறுவி, டிக் இல்லாமல் மறுபடி நீக்குவதே நேரான வழி.

இரண்டும் போனபின் 9.4 ஜிபி சேர்ந்து காலியிடம் 14.5 ஆனது.

முகப்புத் திரையில் ஐகானைப் பிடித்து இழுக்கும்போது 'ரிமூவ்' என்றும் 'அன்இன்ஸ்டால்' என்றும் இரண்டு இடம் தோன்றும். ரிமூவ் என்பது ஐகானை மட்டும் அப்புறப்படுத்தும். கேம் முழுதாக உள்ளே இருக்கும். "எல்லா கேமையும் எடுத்துவிட்டேன், இடம் வரவில்லையே" என்பவர்களின் டேப்லட்டில் ஆப் டிராயரைத் திறந்தால் பெரும்பாலும் எல்லாம் அப்படியே வரிசையாக நிற்கும்.

சின்ன கேம்களும் இரண்டாவது பயனரும்

14 சின்ன கேம்களை ஒவ்வொன்றாகத் தொட வேண்டாம். பிளே ஸ்டோரில் சுயவிவரப் படத்தைத் தொட்டு, மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ் பக்கத்தில் மேனேஜ் தாவலுக்குப் போய், வரிசையைக் 'குறைவாகப் பயன்படுத்தியவை' என்று மாற்றினால் மறந்துபோன கேம்கள் மேலே வரும். பக்கத்திலுள்ள கட்டங்களில் டிக் செய்து, மேலே உள்ள குப்பைத்தொட்டிப் படத்தை அழுத்தினால் மொத்தமாகப் போகும். பிளே ஸ்டோர் வழியாக வராமல் ஏபிகே கோப்பாக (ஆண்ட்ராய்டு ஆப்பை நிறுவும் கோப்பு) நிறுவிய கேம்கள் இந்தப் பட்டியலில் விட்டுப்போகலாம் என்பதால், கடைசியில் செட்டிங்ஸ் பட்டியலையும் ஒருமுறை ஓட்டிப் பார்க்க வேண்டும்.

இங்கேதான் கணக்கு உதைத்தது. 3.9 ஜிபி வர வேண்டிய இடத்தில் 3.1தான் வந்தது. காரணம், டேப்லட்டில் இரண்டாவது பயனர் கணக்கு இருந்தது; மூன்று கேம்கள் அந்தக் கணக்கிலும் நிறுவப்பட்டிருந்தன. ஆண்ட்ராய்டில் ஒரே கேமை இரண்டு பயனர்கள் நிறுவினால் நிரல் ஒரு பிரதிதான் இருக்கும், டேட்டா மட்டும் ஆளுக்கொன்று. ஒருவர் நீக்கினால் அவருடைய டேட்டா போகும், நிரல் மற்றவருக்காக அங்கேயே நிற்கும்.

தீர்வு: முதன்மைப் பயனராக இருந்துகொண்டு செட்டிங்ஸில் எல்லா ஆப்கள் பட்டியலைத் திறக்க வேண்டும். அந்த மூன்று கேம்களும் "இந்தப் பயனருக்கு நிறுவப்படவில்லை" என்ற குறிப்போடு இருந்தன. ஒவ்வொன்றிலும் நுழைந்து, மேல் மூலையில் மூன்று புள்ளி, 'எல்லாப் பயனர்களுக்கும் அன்இன்ஸ்டால்'. 0.8 ஜிபி வந்தது. மற்றவருடைய ஆட்ட நிலையும் இதில் அழியும் என்பதால் அவரிடம் கேட்டுவிட்டுச் செய்ய வேண்டியது இது. செக்யூர் ஃபோல்டர் (பூட்டி வைக்கும் தனிப் பகுதி), ஒர்க் புரொஃபைல் (அலுவலக ஆப்களுக்கான தனிப் பகுதி) போன்றவையும் உள்ளுக்குள் தனிப் பயனர் போலத்தான் இயங்குகின்றன. அங்கே ஒரு பிரதி இருந்தாலும் இதே கதைதான். அடுத்தமுறை செய்வதானால் பயனர் பட்டியலை முதல் கட்டத்திலேயே பார்த்துவிடுவது சரி.

ஆர்கைவ்: எந்த கேமுக்குப் பொருந்தும்

மிட்டாய்ப் புதிர் எப்போதாவது வேண்டும் என்பதால் நீக்காமல் ஆர்கைவ் செய்யப்பட்டது. ஆண்ட்ராய்டு 15இல் ஆப்பின் விவரப் பக்கத்திலேயே ஆர்கைவ் பொத்தான் இருக்கிறது. அழுத்தினால் நிரலும் கேச்சும் போகும். யூசர் டேட்டா இருக்கும். ஐகான் மேகக் குறியோடு நிற்கும். தொட்டால் நிரல் மறுபடி இறங்கி, விட்ட இடத்திலிருந்து தொடரலாம். 2022இல் இந்த வசதியை அறிவித்தபோது ஓர் ஆப்பின் இடத்தில் ஏறக்குறைய 60 சதவீதம் மிச்சமாகும் என்று கூகுள் சொன்னது.

அந்த 60 எல்லா கேமுக்கும் கிடைக்காது. புதிரில் ஆப் 0.5, கேச் 0.1 என்பதால் 0.6 ஜிபி வந்தது, 0.2 டேட்டா தங்கியது. நல்ல லாபம். இதையே கார் பந்தயத்தில் செய்திருந்தால் 6.6 ஜிபியில் 0.3தான் வந்திருக்கும், 6.3 அப்படியே தங்கியிருக்கும். ஆகவே ஆப் வரி பெரிதாக இருந்தால் ஆர்கைவ், டேட்டா வரி பெரிதாக இருந்தால் நிலையை இணைத்துவிட்டு முழு நீக்கம். ஆர்கைவ் பொத்தான் மங்கலாக இருந்தால் அந்த கேம் ஆர்கைவை ஆதரிக்கும் ஸ்டோர் வழியாக வரவில்லை என்பது ஒரு காரணம்.

பழைய ஆண்ட்ராய்டில் இந்தப் பொத்தான் இல்லை. அங்கே பிளே ஸ்டோரின் செட்டிங்ஸில் ஜெனரல் பகுதியில் 'ஆப்களைத் தானாக ஆர்கைவ் செய்' என்று இருப்பதை இயக்கலாம். புதிய ஆப் நிறுவ இடம் போதாதபோது, பயன்படுத்தாத ஆப்களை அது தானே ஆர்கைவ் செய்யும். 

டேப்லட்டோடு வந்த கேம்

இவை இரண்டு வகை. ஒன்று, முதல் அமைப்பின்போது தானாக இறங்கியவை. இவற்றுக்கு அன்இன்ஸ்டால் பொத்தான் இருக்கும், சாதாரண கேம் போலவே நீக்கலாம், இடம் முழுதும் வரும். இரண்டாவது, சிஸ்டம் பகுதியிலேயே பதிந்து வந்தவை. இவற்றுக்கு 'டிஸேபிள்' மட்டும் இருக்கும்.

இரண்டாவது வகையில் எதிர்பார்ப்பைச் சரியாக வைத்துக்கொள்ள வேண்டும். சிஸ்டம் பகுதி தனிப் பிரிவு, எழுத முடியாதது. அங்கே இருக்கும் மூலப் பிரதியை நீக்க முடிந்தாலும் அந்த இடம் நம் பயன்பாட்டுக்கு வராது. நமக்கு வருவது, பிறகு இறங்கிய அப்டேட்டும் டேட்டாவும் பிடித்த இடம் மட்டுமே. வரிசை முக்கியம்: முதலில் மூன்று புள்ளியில் 'அன்இன்ஸ்டால் அப்டேட்ஸ்', பிறகு 'கிளியர் ஸ்டோரேஜ்', கடைசியில் 'டிஸேபிள்'. டிஸேபிளைக் கடைசியில் வைத்தால் அப்டேட் மறுபடி ஏறி உட்காராது. இப்படிச் செய்ததில் 0.7 ஜிபி முழுதும் வந்தது. ஆர்கைவோடு சேர்த்து இப்போது காலியிடம் 19.7.

டிஸேபிளும் மங்கலாக இருந்தால் ஏடிபி வழியாக, அதாவது கணினியிலிருந்து டேப்லட்டுக்குக் கட்டளை கொடுக்கும் கருவி வழியாக எடுக்கலாம். செட்டிங்ஸில் டேப்லட் பற்றிய பக்கத்தில் உள்ள பில்ட் நம்பரை ஏழு முறை தட்டி, டெவலப்பர் ஆப்ஷன்ஸில் யூஎஸ்பி டிபக்கிங்கை இயக்கி, கேபிளைச் செருகி, டேப்லட் திரையில் வரும் அனுமதியைக் கொடுக்க வேண்டும். 'பிஎம் லிஸ்ட் பேக்கேஜஸ்' கட்டளை பேக்கேஜ் பெயர்களைத் தரும். 'பிஎம் அன்இன்ஸ்டால்' கட்டளையில் 'யூசர் 0' என்று குறிப்பிட்டுப் பேக்கேஜ் பெயரைக் கொடுத்தால் அந்தப் பயனருக்கு கேம் மறையும். பல வழிகாட்டிகளில் இந்தக் கட்டளையோடு 'கே' என்ற குறியும் ஒட்டிக்கொண்டிருக்கும். அது டேட்டாவை வைத்துக்கொள் என்ற ஆணை. இடத்துக்காகச் செய்பவர் அதை விட்டுவிட வேண்டும். திரும்ப வேண்டுமென்றால் 'சிஎம்டி பேக்கேஜ் இன்ஸ்டால்-எக்ஸிஸ்டிங்' போதும். பேக்கேஜ் பெயர் கேமுடையதுதான் என்று உறுதியாகத் தெரியாவிட்டால் தொட வேண்டாம். கேம்களை நிர்வகிக்கும் சிஸ்டம் சேவை ஒன்றை நீக்கினால் மற்ற கேம்கள் தடுமாறும். வேலை முடிந்ததும் யூஎஸ்பி டிபக்கிங்கை அணைத்துவிட வேண்டும். சொல்லப்போனால் அப்டேட்டையும் டேட்டாவையும் முன்பே அழித்திருந்தால் இதனால் கூடுதல் இடம் எதுவும் வராது. கண்ணில் படாமல் இருக்கும் என்பதே பயன்.

அலுவலகமோ பள்ளியோ கொடுத்த டேப்லட்டில் பொத்தான்கள் மங்கலாக இருப்பது நிர்வாகக் கட்டுப்பாட்டால். அதை நிர்வகிப்பவரிடம்தான் கேட்க வேண்டும்.

கேம்கள் விட்டுச்சென்றவை

கேமை நீக்கும்போது, ஆண்ட்ராய்டு கோப்புறைக்குள் டேட்டா, ஓபிபி என்று அதன் பெயரில் இருக்கும் துணைக்கோப்புறைகளும் கூடவே அழியும். அவற்றைத் தேடிப்போக வேண்டியதில்லை. தங்குவது வேறு.

முதலாவது, ஸ்கிரீன் ரெக்கார்டிங். ஆட்டத்தைப் பதிவு செய்த வீடியோக்கள் கேமுக்குச் சொந்தமானவை அல்ல, கேலரிக்குச் சொந்தம். டேப்லட்டைப் பொறுத்து மூவீஸ் கோப்புறையிலோ, டிசிஐஎம் கோப்புறைக்குள் ஸ்கிரீன் ரெக்கார்டிங்ஸ் என்ற பெயரிலோ இருக்கும். இங்கே 4.1 ஜிபி. நகரம் கட்டும் கேம் முழுதும் பிடித்ததைவிட அதிகம் இது! வேண்டியவற்றை யூஎஸ்பி கேபிளில் ஃபைல் டிரான்ஸ்ஃபர் முறையில் கணினிக்கு நகலெடுத்து, கணினியில் திறந்து ஓட்டிப் பார்த்துவிட்டு இங்கே அழிக்க வேண்டும்.

இரண்டாவது, டவுன்லோட் கோப்புறையில் கிடக்கும் ஏபிகே, எக்ஸ்ஏபிகே கோப்புகள். எக்ஸ்ஏபிகே என்பது நிரலையும் கூடுதல் டேட்டாவையும் சேர்த்துக் கட்டிய பொதி. நிறுவிய பிறகும் பொதி அப்படியே இருப்பதால் ஒரே கேம் இரண்டு மடங்கு இடம் பிடிக்கும். 1.2 ஜிபி இதில் வந்தது. கோப்புறைகளை அளவு வாரியாக வரிசைப்படுத்தினால் இவை தானே மேலே வரும்.

மூன்றாவது, குப்பைத்தொட்டி. அழித்த வீடியோ உடனே போய்விடாது. வழக்கமாக 30 நாள் தொட்டியில் இருக்கும். ரெக்கார்டிங்கை அழித்தவுடன் ஸ்டோரேஜ் பக்கத்தைப் பார்த்தால் காலியிடம் நகராது, வீடியோ வரியிலிருந்து குப்பைத்தொட்டி வரிக்கு மாறியிருக்கும். கேலரியில் ஒரு தொட்டி, ஃபைல்ஸ் ஆப்பில் ஒரு தொட்டி என்று இரண்டு இருக்கலாம். இரண்டையும் காலி செய்ய வேண்டும். பழைய 0.9 ஜிபியும் சேர்ந்து போனதில் காலியிடம் 25.9 ஆனது.

இவை தவிர, பழைய கேம்கள் சில உள் சேமிப்பகத்தின் மேல்மட்டத்திலேயே தங்கள் பெயரில் கோப்புறை போட்டிருக்கும். 2020இல் வந்த ஆண்ட்ராய்டு 11 இதைக் கட்டுப்படுத்தியது. பழைய டேப்லட்டிலிருந்து டேட்டாவை மாற்றிக்கொண்டு வந்திருந்தால் இன்னும் கிடக்கலாம். பிரவுசரில் விளையாடும் கேம்கள் குரோமுக்குள் டேட்டா வைக்கும். சைட் செட்டிங்ஸில் எல்லாத் தளங்களும் என்ற பட்டியலில் அளவோடு தெரியும்.

எல்லாம் முடிந்ததும் ஒரு ரீஸ்டார்ட். அதன் பிறகு ஸ்டோரேஜ் பக்கம் காட்டும் எண்ணைத்தான் இறுதியாகக் கொள்ள வேண்டும்.

மெமரி கார்டு

கேமை நீக்காமல் கார்டுக்கு மாற்றலாமே என்று தோன்றும். பல டேப்லட்டுகள் அதை அனுமதிப்பதில்லை. அனுமதிப்பவற்றிலும் டேட்டா வரி முழுதும் நகராமல் போகலாம். கார்டின் வேகமும் ஒரு தடை. கார்டில் ஏ1 என்று அச்சிட்டிருந்தால் குறைந்தபட்ச வாக்குறுதி நொடிக்கு 1500 வாசிப்பு, 500 எழுத்துச் செயல்கள். ஏ2 என்றால் 4000, 2000. அந்தக் குறியே இல்லாத கார்டில் கேமை வைத்தால் காட்சி மாறும் ஒவ்வொரு முறையும் காத்திருக்க வேண்டியிருக்கும். படங்களையும் வீடியோக்களையும் கார்டுக்கு அனுப்பி, கேம்களை உள்ளேயே வைப்பதுதான் சரியான பங்கீடு.

ஐபேட் என்றால்

வரிசை அதேதான், பொத்தான்கள் வேறு. செட்டிங்ஸ், ஜெனரல், ஐபேட் ஸ்டோரேஜ். கணக்கு முடிய நேரம் எடுக்கும். ஒவ்வொரு கேமிலும் ஆப் அளவும் 'டாக்குமென்ட்ஸ் அண்ட் டேட்டா' அளவும் தனியாகத் தெரியும். 'ஆஃப்லோட்' ஆண்ட்ராய்டின் ஆர்கைவ் போன்றது: நிரல் போகும், டேட்டா நிற்கும், 2017இல் ஐஓஎஸ் 11உடன் வந்தது. 'டெலீட் ஆப்' இரண்டையும் அழிக்கும். கேச்சை மட்டும் அழிக்கும் பொதுவான பொத்தான் இங்கே கிடையாது. டேட்டா வீங்கிய கேமை, நிலை கணக்கில் பதிந்திருப்பதை உறுதி செய்துவிட்டு, நீக்கி மறுபடி நிறுவுவதுதான் வழி.

ஐகானை அழுத்திப் பிடித்தால் 'ரிமூவ் ஃப்ரம் ஹோம் ஸ்கிரீன்' என்றும் ஒரு தேர்வு வரும். அது ஆப் லைப்ரரிக்குத் தள்ளுமே தவிர இடம் தராது. டெலீட் ஆப் என்ற வரியே வராவிட்டால், ஸ்கிரீன் டைமில் ஆப் நீக்குவதற்குத் தடை போட்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

திரும்ப வராமல் இருக்க

நீக்கிய கேம்கள் திரும்பி வருவதற்கு வழிகள் திறந்திருக்கும். ஐபேடில் ஆப் ஸ்டோர் செட்டிங்ஸில் தானியங்கி டவுன்லோட் இயங்கினால், அதே கணக்குள்ள போனில் நிறுவும் கேம் இங்கேயும் இறங்கும். பிளே ஸ்டோரிலும் மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ் பக்கத்தில் ஆப்களை மற்றக் கருவிகளோடு ஒத்திசைக்கும் வசதி இருக்கிறது. டேப்லட்டுக்கு அதை அணைத்து வைக்க வேண்டும். ஃபேக்டரி ரீசெட் செய்தால் முன்பே வந்த கேம்கள் மீண்டும் வரும். அமைப்பின்போது வரும் கூடுதல் ஆப்கள் திரையை அவசரமாகத் தாண்டாமல் ஒவ்வொரு டிக்கையும் எடுக்க வேண்டும். குழந்தையின் கணக்கு கூகுளின் பெற்றோர் கட்டுப்பாட்டு ஆப்பான ஃபேமிலி லிங்க்கில் இருந்தால் இலவச கேம்களுக்கும் பெற்றோர் ஒப்புதல் கேட்கும்படி வைக்கலாம். அதே ஃபேமிலி லிங்க்கில் ஓர் ஆப்பை 'பிளாக்' செய்வது திறக்க விடாமல் தடுக்கும், இடத்தை விடுவிக்காது.

கடைசியாக, வைத்துக்கொண்ட துப்பாக்கிச் சண்டை கேமுக்குள் மறுபடி போக வேண்டும். அதன் டவுன்லோட்ஸ் பக்கத்தில் 'வைஃபையில் தானாக இறக்கு' என்று இருப்பதை அணைக்காவிட்டால், நீக்கிய 3.4 ஜிபி அடுத்த அப்டேட்டோடு சத்தமில்லாமல் திரும்ப இறங்கும். அணைத்துவிட்டு, கேமை மூடித் திறந்து, ஸ்டோரேஜ் பக்கத்தில் அதன் டேட்டா வரி 2.6 ஜிபியிலேயே நிற்கிறதா என்று பார்த்த பிறகுதான் சிஸ்டம் அப்டேட்டை ஓட விட வேண்டும்.